நண்டோடை வழக்கும் சாலம்மாளின் மண்வெட்டியும்

நண்டோடை மூன்று மாதம் ஆறு, ஒன்பது மாதம் சேறு. மரக்காணம் உப்பளத்தில் வேலை செய்கிற எல்லாருக்கும் இது தெரியும். அரசாங்கப் பதிவேட்டில் மட்டும் அது வருடம் முழுக்க நதி. அதிலும் சாதாரண நதி இல்லை, இரண்டு அரசுகளுக்கு நடுவில் எல்லையாக நிற்கிற நதி. நதி எப்படி நிற்கும் என்று கேட்கக் கூடாது. எல்லை என்று எழுதிவிட்டால் நின்றுதான் ஆக வேண்டும்.

ஓடைக்கு வடக்கே ஓர் அரசு, தெற்கே ஓர் அரசு. பெயரைச் சொன்னால் என்னையும் ஏழாவது பிரதிவாதியாகச் சேர்த்துவிடுவார்கள் என்பதால் வடகரை, தென்கரை என்றே சொல்லிக்கொண்டு போகிறேன். அந்தக் காலத்தில் வடக்கே ஆண்ட வெள்ளைக்காரனும் தெற்கே ஆண்ட வேறு தேசத்து வெள்ளைக்காரனும் ஒரே படகில் ஏறிப் போய், ஓடையில் எந்த இடம் ஆழமோ அதன் நடுவில் எல்லை என்று எழுதிக் கையெழுத்துப் போட்டார்களாம். அவர்கள் வந்தது மழைக்காலம், அதனால் படகு போயிருக்கிறது. சித்திரை மாதத்தில் வந்திருந்தால் படகைத் தலையில் சுமந்துகொண்டு திரும்பியிருப்பார்கள், இந்தக் கதையும் இருந்திருக்காது.

சாலம்மாளுக்கும் அவள் புருஷன் குழந்தைசாமிக்கும் வடகரையில் ஏழு பாத்தி உப்பளம் குத்தகைக்கு இருந்தது. தொழில் ஒன்றும் ரகசியமில்லை. ஓடையிலிருந்து ஒரு வாய்க்கால் வெட்ட வேண்டும். கடல் ஓதம் ஏறும்போது வாய்க்காலின் மடையைத் திறந்து உப்புத் தண்ணீரை உள்ளே விட வேண்டும். போதும் என்றதும் மடையில் மண்ணைப் போட்டு அடைத்துவிட வேண்டும். மீதியை வெயில் பார்த்துக்கொள்ளும். பூத்து நிற்கிற உப்பைப் பலகையால் வாரிக் கரையில் குவிப்பதுதான் மனுஷர் வேலை.

போன கார்த்திகையில் அடித்த புயலில் பழைய வாய்க்கால் தூர்ந்து போயிற்று. பொங்கல் கழித்து இரண்டு பேரும் பாத்திகளுக்குப் பின்புறமாக, வடக்கே, புதிதாக ஒரு வாய்க்கால் வெட்டினார்கள். ஓடையின் வளைவில் தொடங்கி, பாத்திகளைச் சுற்றிக்கொண்டு, கீழே முகத்துவாரத்துப் பக்கம் போய்ச் சேருகிற வெட்டு. தண்ணீர் நன்றாக வரட்டும் என்று ஓர் அடி கூடவே ஆழம் எடுத்தார்கள். மூன்று நாள் வேலை. மூன்றாம் நாள் சாயங்காலம் கடல் பக்கத்து மடையைக் குழந்தைசாமி அடைத்திருப்பான் என்று சாலம்மாள் நினைத்தாள். சாலம்மாள் அடைத்திருப்பாள் என்று குழந்தைசாமி நினைத்தான். அன்று பௌர்ணமி. விடிந்து போய்ப் பார்த்தபோது நண்டோடை முழுதாக அவர்கள் வாய்க்காலுக்குள் புகுந்து, இரண்டு கரையையும் அரித்து அகலமாக்கிக்கொண்டு, அங்கேயே ஓடிக்கொண்டிருந்தது. பழைய ஓடை வெறும் மணலாகக் கிடந்தது.

"நீ அடைக்கலியா?" என்றான் குழந்தைசாமி.

"யோவ், நீ அடைக்கலியா?" என்றாள் சாலம்மாள்.

உப்பு என்னவோ நன்றாகவே விளைந்தது. அதனால் இரண்டு பேரும் சண்டையை அதோடு விட்டுவிட்டார்கள். அரசாங்கங்கள் அப்படி விடுமா?

வடக்கே இருந்த ஓடை தெற்கே போனால் ஒரு கணக்கு, தெற்கே இருந்த ஓடை வடக்கே போனால் வேறு கணக்கு. இப்போது ஏழு பாத்தியும் சுற்றியிருந்த பதினாலு ஏக்கர் சேறும் ஓடைக்குத் தெற்கே வந்துவிட்டன. முதலில் யாரும் கண்டுகொள்ளவில்லை. புயலில் விழுந்த மின்கம்பத்தை நட்டுத் தரச் சொல்லிச் சாலம்மாள் வடகரை ஆபீசுக்குப் போனாள். "ஓடை மாறிடுச்சேம்மா, அது இப்ப அந்தப் பக்கம்" என்றார்கள். தென்கரை ஆபீசுக்குப் போனாள். "மேப்புல இன்னும் மாறலியே, அது அந்தப் பக்கம்" என்றார்கள். இரண்டு அரசும் இவ்வளவு ஒற்றுமையாக இருந்து அவள் பார்த்ததில்லை.

பங்குனியில் யாரோ வானத்திலிருந்து ஒரு படம் எடுத்தார்கள். படத்தில் பதினாலு ஏக்கர் இடம் மாறியிருந்தது. தங்கள் மண்ணைப் பறிகொடுத்துவிட்டதாக வடகரையும், தங்கள் மண் தங்களிடம் திரும்பி வந்துவிட்டதாகத் தென்கரையும் டெல்லிக்கு, உச்ச நீதிமன்றத்துக்கு, ஓடின. சித்திரை பிறந்து ஒரு வாரத்தில் தடையாணை வந்தது.

அதைக் கொண்டுவந்தவன் தலையாரி மண்ணாங்கட்டி.

"அக்கா, உப்பு வாரக் கூடாதாம். இதுல ஒரு கையெழுத்துப் போடு."

"யாரு சொன்னது?"

"டெல்லி."

"டெல்லிக்கு உப்பு வேணாமாமா?"

"எனக்கு இன்னா தெரியும்? பாத்தி, தண்ணி, சேறு, அதுல இருக்கிறது, இனிமே உண்டாகப் போறது, எல்லாம் இன்னைக்கு இருக்கிறபடியே இருக்கணுமாம். போட்டிருக்குது பாரு."

"தண்ணி தெனம் ரெண்டு வாட்டி ஏறி எறங்குது. அதுக்கு நோட்டீஸ் குடுத்தியா?"

மண்ணாங்கட்டி காகிதத்தைத் திருப்பிப் பின்பக்கமும் பார்த்தான். "அது பேரு இல்லக்கா. ஒம் பேருதான் இருக்குது."

சாலம்மாள் பாத்தியைத் திரும்பிப் பார்த்தாள். மூன்று வாரத்து உப்பு வெள்ளையாகப் பூத்து, வாருவதற்குத் தயாராக நின்றது. கோடை மழை எந்நேரமும் இறங்கலாம். ஒரே ஒரு மழை, அரை மணி நேரம் போதும், ஏழு பாத்தியும் கரைந்து வெறும் தண்ணீராகிவிடும். மறுபடி தண்ணீர் விட்டு, சூடேற்றி, உப்புப் பூப்பதற்குள் சீசன் முடிந்துவிடும். அவளுக்கு இருந்ததெல்லாம் இந்த ஏழு பாத்தி உப்புதான். டெல்லிக்கு அவள் கேட்க நினைத்த கேள்வி வேறு, அதை எழுதினால் அச்சில் வராது.

மறுநாள் வடகரையார் ஒரு பலகையைக் கொண்டுவந்து வரப்பில் நட்டார்கள். "இது வடகரை அரசுக்குச் சொந்தமான நிலம். வழக்கு நிலுவையில் உள்ளது. எவ்வித மாற்றமும் செய்யக் கூடாது." அன்று சாயங்காலமே தென்கரையார் பத்தடி தள்ளி, அதே வாசகத்தில் ஒரே ஒரு சொல்லை மட்டும் மாற்றி, இன்னொரு பலகை நட்டார்கள். இரண்டும் ஒரே மாதிரி. நீளமான பலகை, அதைக் குறுக்கே வைத்து ஆணியடித்த உயரமான சவுக்குக் கழி. குழந்தைசாமி கழியைத் தட்டிப் பார்த்தான்.

"நல்ல கழி சாலா. பலகையும் கனமா இருக்குது."

"ஒன் கண்ணுக்கு அதுதான் தெரியும்" என்றாள் அவள்.

அதோடு நின்றிருந்தாலும் பரவாயில்லை. புது ஓடையின் மேல் நடந்து போக ஒரு பனைமரத்தைக் குறுக்கே போட்டிருந்தார்கள். அதன் வடக்கு முனையில் ஒரு போலீஸ்காரர் நாற்காலி போட்டு உட்கார்ந்துவிட்டார். தென்கரையில் சரக்கு மலிவு என்பதால் அங்கிருந்து வருகிற எவரையும் சோதிக்க வேண்டுமாம். சாலம்மாள் காலையில் தூக்குவாளியில் கஞ்சியோடு போவாள், அப்போது சோதனை இல்லை. சாயங்காலம் மிச்சக் கஞ்சியோடு திரும்புவாள். நாள் முழுக்க வெயிலில் இருந்த கஞ்சி. போலீஸ்காரர் மூடியைத் திறந்து மோந்து பார்ப்பார்.

"புளிச்ச வாசனை வருதே?"

"கஞ்சி புளிக்காம பின்ன மணக்குமா சார்?"

"காலையில போகும்போது கஞ்சி, சாயங்காலம் வரும்போது சரக்கா?" என்று கேட்டு, சாம்பிள் எடுத்து ஒரு பாட்டிலில் அடைத்துக்கொள்வார். பதினோரு நாளில் பதினோரு பாட்டில் சேர்ந்தது.

எல்லையே பழைய ஓடையில்தான் இருக்கிறது என்று வழக்குப் போட்டுவிட்டு, புது ஓடையில் சோதனைச் சாவடி வைத்தால் எல்லையை ஒத்துக்கொண்டதாக ஆகாதா என்று தென்கரை கேட்டது. வடகரையிலிருந்து உடனே பதில் போயிற்று: "அது சோதனைச் சாவடி அல்ல. காவலர் ஒருவர் தற்செயலாக நாற்காலியில் அமர்ந்திருக்கிறார்."

பன்னிரண்டாம் நாள் கூட்டுக் குழு வந்தது. அதன் முழுப் பெயர் மாநிலங்களிடை நதிநகர்வு உண்மை கண்டறியும் கூட்டுக் குழு. புது ஓடையில் கார் தாண்டாது என்பதால் எல்லா வண்டிகளும் தெற்கே சுற்றி, வறண்டு கிடந்த பழைய ஓடை மணலில் இறங்கி ஏறி, பாத்திக்குப் பக்கத்துத் திடலில் வந்து நின்றன. வடகரைத் தாசில்தார் சித்தார்த்தன் தென்கரைச் சாலையில் வருவதற்கு ஒருநாள் பர்மிட் வாங்கியிருந்தார். ஷாமியானா போட்டார்கள். பாரபட்சம் கூடாது என்று இரண்டு ஜெனரேட்டர், இரண்டு மின்விசிறி, இரண்டு கம்பெனித் தண்ணீர் பாட்டில்.

சித்தார்த்தன் இறங்கியதும் ஷூவில் ஒட்டிய சேற்றைப் பார்த்து முகம் சுளித்து, ஒரு குச்சியை எடுத்துச் சுரண்டிக்கொண்டே, "இந்த மண்ணில் ஒரு பிடியைக்கூட விட்டுத்தர மாட்டோம்" என்றார்.

சாலம்மாள் அவரிடம் போனாள். "சார், கம்பம் விழுந்து ஆறு மாசம் ஆவுது சார்."

"கம்பம் அந்தப் பக்கம் வருதும்மா."

"அப்ப நிலம்?"

"நிலம் நம்மளது."

தென்கரையின் நில அளவை அதிகாரி அந்தோணிராஜிடமும் கேட்டுப் பார்த்தாள். அவர் இன்னும் மரியாதையாக, "நெலம் எங்களதுக்கா, கம்பந்தான் அவங்களது" என்றார்.

குழுவின் தலைவர் அப்பாவு, ஓய்வு பெற்ற பெரிய அதிகாரி. ஷாமியானாவில் கூடியிருந்த உப்பளத்து ஜனங்களைப் பார்த்து அவர் ஒரு சிறிய உரை ஆற்றினார்.

"நான் முப்பத்தெட்டு ஆண்டு அரசுப் பணியில் ஒரு கோப்பைக்கூட அவசரப்பட்டு முடித்தவன் இல்லை. ஓய்வுக்குப் பிறகு இதுவரை ஒன்பது விசாரணைக் குழுக்களுக்குத் தலைமை தாங்கியிருக்கிறேன். அதில் எட்டுக் குழுக்கள் இன்றும் சிறப்பாக நடந்துகொண்டிருக்கின்றன. ஒன்று மட்டும் என் உடல்நலம் சரியில்லாதபோது தவறுதலாக முடிந்துவிட்டது. ஓர் எல்லை வழக்கில் சம்பந்தப்பட்ட நதியே வற்றிப் போய்விட்டது. ஆனால் வழக்கு வற்றவில்லை. அதுதான் இந்த நாட்டின் பெருமை."

ஜனங்கள் கை தட்டலாமா கூடாதா என்று தெரியாமல் முழித்தார்கள். மண்ணாங்கட்டி மட்டும் தட்டினான்.

பிறகு ஆழம் பார்த்தார்கள். காலை பத்து மணிக்குத் தென்கரையார் புது ஓடையில் கோல் விட்டார்கள், ஐந்தடி. மத்தியானம் ஓதம் வற்றிய பிறகு வடகரையார் கோல் விட்டார்கள், இரண்டடி. ஐந்தடி இருந்தால் நதிதான் என்று ஒருவரும், இரண்டடி என்றால் வெறும் வாய்க்கால் என்று இன்னொருவரும் வாதாடினார்கள். சாயங்காலம் வந்து பார்த்தால் மறுபடி ஐந்தடி ஏறும் என்று குழந்தைசாமி சொல்ல வாயெடுத்தான். "சாட்சி நீங்க இல்லப்பா" என்று உட்காரவைத்துவிட்டார்கள்.

சாட்சி சாலம்மாள். அவளைக் கூப்பிடுவதற்கு முன் சித்தார்த்தன் தனியாக அழைத்துப் போய், "படார்னு ஒரே ராத்திரியில போச்சுன்னு மட்டும் சொல்லும்மா, போதும்" என்றார். அந்தோணிராஜ் வேறு மூலைக்கு அழைத்துப் போய், "கொஞ்சம் கொஞ்சமா ஊர்ந்து போச்சுன்னு சொல்லுக்கா" என்றார்.

விஷயம் இதுதான். எல்லையில் இருக்கிற ஆறு மெல்ல மெல்ல நகர்ந்தால் எல்லையும் அதோடு கூடவே நகருமாம். திடீரென்று தாவினால் எல்லை பழைய இடத்திலேயே நின்றுவிடுமாம். உலகம் பூரா நீதிமன்றங்களில் இதுதான் முறையாம். மெதுவாக என்றால் நிலம் தென்கரைக்கு, திடீரென்று என்றால் வடகரைக்கு. தலைவர் கையில் இருந்த படிவத்தில் அதற்காக இரண்டு கட்டங்கள் போட்டிருந்தார்கள்.

"நதி இடம் மாறியது மெதுவாகவா, திடீரெனவா?" என்று கேட்டார் அப்பாவு.

"எதைச் சொன்னா இன்னைக்கு உப்பு வார விடுவீங்க சார்?"

"உப்புக்கும் இதற்கும் சம்பந்தமில்லை அம்மா. எதைச் சொன்னாலும் அதை எதிர்த்து மறு தரப்பு மனுப் போடும். அந்த மனுவை விசாரிக்க ஒரு குழு வேண்டும். பத்துப் பதினோரு ஆண்டுகளில் தெளிவு பிறக்கும்."

"மழை பத்து வருசம் நிக்காது சார்."

"மழை இந்த வழக்கில் ஒரு தரப்பு அல்ல. கேள்விக்குப் பதில் சொல்லுங்கள்."

சாலம்மாள் சித்தார்த்தனைப் பார்த்தாள், அந்தோணிராஜைப் பார்த்தாள். இரண்டு பேரும் அவளைப் பார்த்துத் தலையை ஆட்டினார்கள், ஒருவர் வேகமாக, ஒருவர் மெதுவாக.

"ஆறு எங்கியும் போகல சார். நாந்தான் வெட்டினேன். நானும் எங்க வூட்டுக்காரரும். மூணு நாளு வெட்டினோம். மடைய அடைக்க மறந்துட்டோம்."

அப்பாவு படிவத்தைத் தூக்கிப் பார்த்தார், கீழே வேறு கட்டம் ஏதாவது இருக்கிறதா என்று. இல்லை.

"சார்" என்றார் சித்தார்த்தன். "மாநில எல்லையை மாத்தணும்னா பார்லிமெண்ட்டுல சட்டம் போடணும்."

அப்பாவு சாலம்மாள் பக்கம் திரும்பினார். "நீங்கள் நாடாளுமன்ற உறுப்பினரா?"

"இல்லீங்க. உப்பு வார்றவ."

"பிறகு எந்த அதிகாரத்தில் மாற்றினீர்கள்?"

"மண்வெட்டியில சார்."

குழு பத்து நிமிடம் தனியாகக் கூடிப் பேசியது. திரும்பி வந்த அப்பாவு ரொம்பக் கனிவாகப் பேசினார். "அம்மா, ஓர் எழுத்தறிவில்லாத பெண் பதினாலு ஏக்கரை ஒரு மாநிலத்திலிருந்து இன்னொரு மாநிலத்துக்கு நகர்த்திவிட்டாள் என்று நாங்கள் அறிக்கை கொடுக்க முடியாது. இரண்டு அரசுகளுக்கும் அவமானம். இயற்கையான காரணங்களால் நதி நகர்ந்தது என்று எழுதியிருக்கிறோம். வேகத்தைப் பிறகு நிரப்பிக்கொள்கிறோம். இங்கே கையெழுத்துப் போடுங்கள்."

"நான் எட்டாவது படிச்சிருக்கேன்" என்றாள் சாலம்மாள். அவளுக்குக் கோபம் வந்துவிட்டது. உப்பைத் தடுத்தபோதுகூட இவ்வளவு வரவில்லை. "இந்தா பாருங்க சார், எங் கைய. அந்த மண்ணுல தோலு உரிஞ்ச எடமெல்லாம் காய்ச்சுக் கெடக்குது. அவ்ளோ வேலையும் நாங்க பண்ணிட்டு, நீங்க அத ஆத்து பேர்ல எழுதுறீங்க. தப்புன்னா தப்புன்னு எழுதுங்க, ஆனா எம் பேர்ல எழுதுங்க. இதுல நான் கையெழுத்துப் போட மாட்டேன்."

"சாலா" என்று குழந்தைசாமி பின்னாலிருந்து இழுத்தான்.

"நீ சும்மா இருய்யா. இன்னொண்ணும் சொல்றேன் சார். அந்த மடைய அடைச்சா ஓடை தானா பழைய வழிக்குப் போயிடும். நாலு பேரு கை வெச்சா ஒரு பொழுது வேலை. எல்லை இருந்த எடத்துக்கே வந்துடும். ஒங்களுக்கும் வேலை முடிஞ்சுது, எனக்கும் உப்பு கெடச்சுது."

குழுவில் இருந்த எல்லார் முகமும் வெளிறிப் போயிற்று.

"வழக்கு நடந்துகொண்டிருக்கும்போது தீர்வு காண்பது நீதிமன்ற அவமதிப்பு" என்றார் அப்பாவு. "தெரியுமா உங்களுக்கு?"

மண்வெட்டியைப் பறிமுதல் செய்யச் சொல்லி உத்தரவு போட்டார். குற்றத்துக்குப் பயன்பட்ட கருவி எங்கள் மாநிலத்தில் இருந்தது என்று சித்தார்த்தனும் அந்தோணிராஜும் ஆளுக்கொரு பக்கம் இழுத்தார்கள். கடைசியில் இரும்பு இலையைக் கழற்றி வடகரைக்கும் காம்பைத் தென்கரைக்கும் கொடுத்து சீல் வைத்தார்கள். இனி உப்பு வாரக் கூடாது என்பதால் உப்பு வாருகிற பலகையும் கழியும்கூட அதே மாதிரி பிரிந்து போயின. சாலம்மாள் வெறுங்கையோடு நின்றாள்.

மறுநாள் பௌர்ணமி. காலையிலிருந்தே காற்று இறங்கிப் போய்ப் புழுங்கித் தள்ளியது. மேற்கே கருப்பாக ஒரு மேகம் எழும்பி நின்றது. குழு வந்து உட்கார்ந்தது. அன்றைய விசாரணை, மண்வெட்டி ஓர் இயற்கைக் காரணமா இல்லையா என்பது பற்றி. இரண்டு மணிவரைக்கும் அது ஓடியது. மரக்காணத்திலிருந்து வர வேண்டிய பிரியாணி வண்டி சுற்றி வந்து தென்கரைச் சோதனைச் சாவடியில் பர்மிட் இல்லாமல் மாட்டிக்கொண்டதால் சாப்பாடு இரண்டேகாலுக்குத்தான் வந்தது. எல்லாரும் பசியில் இருந்தார்கள். ஷாமியானாவின் திரையை இழுத்து மூடிவிட்டுச் சாப்பிட உட்கார்ந்தார்கள்.

சாலம்மாள் மேகத்தைப் பார்த்தாள். ஓடையைப் பார்த்தாள். ஓதம் நன்றாக வற்றி, மடை வாயில் முழங்கால் தண்ணீர்தான் இருந்தது. பௌர்ணமி ஓதம் மூன்றரைக்கு மேல் ஏறத் தொடங்கும்.

பக்கத்து அளத்துத் தையல்நாயகியிடம் போய், "ஒன் மண்வெட்டியக் குடு" என்றாள்.

"இன்னா பண்ணப் போற?"

"மடைய அடைக்கப் போறேன். ஜனவரியில அடைக்க வேண்டியது."

"கோர்ட்டு அவமதிப்பாமே? ஜெயில்ல போட்டா?"

"போடட்டும். ஜெயில்ல ஒரு வேளைக் கஞ்சியாவது ஊத்துவான். இந்த மழை பேஞ்சா எனக்கு அதுவும் கெடையாது. யாரு வந்தாலும் நாந்தான் சொன்னேன்னு சொல்லு."

தையல்நாயகி மண்வெட்டியைத் தரவில்லை. அதைத் தோளில் போட்டுக்கொண்டு அவளே முன்னால் நடந்தாள். மடை அடைப்பது ஒரு ஆள் வேலை இல்லை என்பது உப்பளத்தில் எல்லாருக்கும் தெரியும். ஒருவர் அளத்தில் மடை உடைந்தால் அந்த வரிசை முழுக்க ஓடிவரும், கூப்பிட வேண்டியதில்லை. பக்கத்து ஊரான அனுமந்தை ஆட்கள் உள்பட இருபத்தாறு பேர் வந்துவிட்டார்கள். தென்னை மட்டையை நெருக்கமாக ஊன்றினார்கள். அதற்குப் பின்னால் மணல் மூட்டை. அதற்கு மேல் களிமண் கட்டி, கைக்குக் கை மாறி மாறி வந்து விழுந்தது. மண்ணாங்கட்டிகூடக் காக்கிச் சட்டையைக் கழற்றி வைத்துவிட்டு இறங்கினான். "சட்டை இல்லாதப்ப நான் கவருமெண்டு இல்லக்கா" என்றான்.

நாற்காலியில் இருந்த போலீஸ்காரர் எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டுதான் இருந்தார். கஞ்சியை மோந்து பார்க்க மட்டும்தான் அவருக்கு உத்தரவு. மடை பற்றி ஒன்றும் சொல்லப்படவில்லை.

மூன்றரைக்கு மடை இறுகியது. ஓதம் ஏறி வந்து மடையில் முட்டியது, ஒரு சுற்றுச் சுழன்றது, பிறகு தன் பழைய வழியில், தெற்கே, வறண்ட மணலுக்குள் நுரையோடு நுழைந்தது.

"இப்ப உப்பு" என்றாள் சாலம்மாள்.

எல்லார் கையிலும் வாருபலகை இருந்தது. அவளிடமும் குழந்தைசாமியிடமும் மட்டும் இல்லை. இரண்டும் சீல் வைத்த கோணியில் கிடந்தன. சாலம்மாள் சுற்றுமுற்றும் பார்த்தாள். வரப்பில் வடகரை அரசின் பலகை நின்றது. நீளமான பலகை, குறுக்கே அடித்த கழி. அவள் போய் இரண்டு கையாலும் பிடித்து ஆட்டி, பிடுங்கி எடுத்துத் தலைகீழாகத் திருப்பினாள். பத்தடி தள்ளி நின்ற தென்கரைப் பலகையைக் குழந்தைசாமி பிடுங்கிக்கொண்டான்.

"நான் அன்னைக்கே சொன்னேன் இல்ல, நல்ல கழின்னு?"

நாலரை மணிக்கு அப்பாவு பல்லில் குச்சியோடு திரையை விலக்கிக்கொண்டு வந்தார். தன் காரைப் பார்த்தார். காருக்குப் பின்னால், காலையில் டயர் பதித்து வந்த மணல் பாதையில், நண்டோடை ஓடிக்கொண்டிருந்தது.

"யார் செய்தது இது?"

"நான்" என்றாள் சாலம்மாள், வாருவதை நிறுத்தாமல். "இந்த வாட்டியாவது எம் பேர்ல எழுதிக்குங்க."

அந்தோணிராஜ் கையைக்கூடக் கழுவாமல் ஓடிவந்தார். "சார், அப்ப நான் இப்ப எந்த ஸ்டேட்ல நிக்கிறேன்?"

"எங்க ஸ்டேட்ல" என்றார் சித்தார்த்தன் உற்சாகமாக. "பர்மிட் இருக்கா?" பிறகுதான் அவருக்கு ஏதோ உறைத்தது. "சார், ஆறு திரும்பிடுச்சுன்னா வழக்கு? கமிட்டி?"

அப்பாவு சட்டைப் பையிலிருந்து படிவத்தை எடுத்துப் பேனாவைத் திறந்தார். "இல்லை, இல்லை, இது ஒரு புதிய நகர்வு. இதைத் தனியாக விசாரிக்க வேண்டும். அம்மா, உண்மையைச் சொல்லுங்கள். நதி நகர்ந்தது மெதுவாகவா, திடீரெனவா?"

"நீங்க பிரியாணி சாப்டுட்டு இருக்கும்போது சார்."

வரப்பில் இருந்தவர்கள் சிரித்தார்கள். அப்பாவு கத்தினார். "வேலையை நிறுத்துங்கள்! தடையாணை அமலில் இருக்கிறது. அந்தப் பலகையில் என்ன எழுதியிருக்கிறது என்று படித்தீர்களா?" என்று வரப்பைக் காட்டினார். அங்கே இரண்டு குழிகள் இருந்தன.

ஏழாவது பாத்தியின் கடைசி உப்பையும் இழுத்துக் கரையில் சேர்த்துவிட்டு, சாலம்மாள் கையில் இருந்ததைத் தூக்கி அவர் முகத்துக்கு நேரே காட்டினாள். குறைந்த டெண்டருக்கு அடித்த பெயிண்ட். முதல் இரண்டு பாத்தியிலேயே எழுத்தெல்லாம் உப்பில் தேய்ந்து போயிருந்தது. வெறும் மரம்தான் மிச்சம்.

"நீங்களே படிங்க சார்."

பெரிய பெரிய துளியாக மழை விழ ஆரம்பித்தது. குழுவினர் காருக்குப் போகலாமா ஷாமியானாவுக்குப் போகலாமா என்று யோசிப்பதற்குள் ஷாமியானா ஒரு பக்கம் சரிந்தது. சித்தார்த்தன் ஓடிவந்து, குவியலை மூட வைத்திருந்த கீற்றில் ஒன்றை எடுத்துத் தலையில் பிடித்துக்கொண்டார். தையல்நாயகி அதை அவர் கையிலிருந்து வாங்கிக்கொண்டாள்.

"அது உப்புக்கு சார்."

இருபத்தாறு பேரும் சேர்ந்து கீற்றைப் பரப்பி, கயிறு போட்டு இறுக்கினார்கள். மழை கீற்றின் மேல் சடசடவென்று இறங்கி, பக்கவாட்டில் வழிந்து, வெறும் பாத்தியில் போய் நின்றது. அடியில் உப்பு நனையவில்லை. சாலம்மாள் கீற்றுக்குள் கையை விட்டுத் தொட்டுப் பார்த்துக்கொண்டாள். பிறகு பலகையை ஓடைத் தண்ணீரில் அலசி, குழந்தைசாமியுடையதையும் வாங்கி அலசி, இரண்டையும் வரப்பில் சாய்த்து வைத்தாள். அவற்றைத் திருப்பிக் கொடுக்கிற எண்ணம் அவளுக்கு இல்லை.